நகைச்சுவைப் படத்துக்குப் பின்னணி இசை: எல்மர் பெர்ன்ஸ்டீனை முன்வைத்துப் புதியவர்களுக்கு ஒரு வழிகாட்டி

நகைச்சுவைப் படத்துக்கு இசையமைக்க முதன்முறையாக அழைக்கப்படுகிறவர், எந்தக் கருவியை வாசித்தால் சிரிப்பு வரும் என்ற கேள்வியோடுதான் பெரும்பாலும் வேலையைத் தொடங்குகிறார். பாசூன், சைலஃபோன், வழுக்கிச் செல்லும் டிராம்போன், நம் ஊராக இருந்தால் மோர்சிங் என்று ஒரு பட்டியலும் அவர் கையில் தயாராக இருக்கும். அந்தப் பட்டியலைச் சற்று ஒதுக்கி வைத்துவிட்டு, அமெரிக்கத் திரையுலகில் இந்த வேலையை மிகச் சிறப்பாகச் செய்தவர்களில் ஒருவரான எல்மர் பெர்ன்ஸ்டீன் எப்படி இதற்குள் வந்தார், உள்ளே வந்து என்ன செய்தார், எப்போது வெளியேறினார் என்பதைப் படிப்படியாகப் பின்தொடர்வது அதிகப் பயன் தரும் என்பது என் கருத்து. 1922-இல் நியூயார்க்கில் பிறந்து 2004-இல் மறைந்த இவரை, சமகாலத்து இசையமைப்பாளரான லெனர்ட் பெர்ன்ஸ்டைனோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். இருவரும் உறவினர் அல்லர். பெயரின் கடைசி அசையைக்கூட இருவரும் வெவ்வேறாகவே உச்சரித்தார்கள்.

முதல் படி: சிரிப்பில்லாத இசையைக் கற்றுக்கொள்ளுங்கள்

பெர்ன்ஸ்டீன் நகைச்சுவைப் படங்களுக்கென்றே பெயர் பெறத் தொடங்கியபோது அவருக்கு ஐம்பத்தைந்து வயது கடந்திருந்தது. அதற்கு முன்பே அவர் ஜாஸ் இசையை ஒரு கதைப்படத்தின் முதுகெலும்பாக்கிய ‘தி மேன் வித் தி கோல்டன் ஆர்ம்’ (1955), செசில் பி. டெமில்லின் பிரம்மாண்டமான ‘தி டென் கமாண்ட்மெண்ட்ஸ்’ (1956), கௌபாய் படங்களுக்கே அடையாள ஒலியாகிப் பின்னர் சிகரெட் விளம்பரத்துக்கும் போன ‘தி மேக்னிஃபிசென்ட் செவன்’ (1960), ஒரு குழந்தையின் விரல் பியானோவில் தடவித் தடவிச் சுரம் தேடுவதைப் போலத் தொடங்கும் ‘டு கில் எ மாக்கிங்பேர்ட்’ (1962) ஆகியவற்றுக்கு இசையமைத்திருந்தார். இத்தனை வகை இசையிலும் அவருக்கு மெய்யான தேர்ச்சி இருந்ததால்தான், பின்னாளில் அவற்றை நகைச்சுவைக்குள் கொண்டுவந்து நிறுத்த முடிந்தது. ஓர் இராணுவ அணிவகுப்பு இசையை ஒழுங்காக எழுதத் தெரியாதவர் எழுதும் கேலி அணிவகுப்பில், கேலியும் இருக்காது, அணிவகுப்பும் இருக்காது.

ஆகவே தொடக்க நிலையில் உள்ளவர் முதல் ஓராண்டில் குறைந்தது ஐந்து வகை இசையை எந்தச் சிரிப்பும் இல்லாமல், இரண்டு நிமிட அளவில் எழுதிப் பழக வேண்டும். காதல் காட்சிக்கு நரம்பிசை, துரத்தலுக்கு வேக இசை, திகில், அரண்மனை அல்லது பட்டமளிப்பு விழாவுக்கு உரிய கம்பீர இசை, துக்கம் ஆகியவை போதும். இவற்றைக் கேட்கும் நண்பருக்கு, நீங்கள் நகைச்சுவைப் படத்துக்கு ஆயத்தமாகிறீர்கள் என்ற சந்தேகமே எழக்கூடாது.

இந்த இடத்தில் பெர்ன்ஸ்டீன் வாழ்க்கையின் ஒரு கசப்பான காலத்தையும் சொல்லியாக வேண்டும். 1950-களின் தொடக்கத்தில், திரையுலகினரின் இடதுசாரிச் சார்பை அரசியல்வாதிகள் விசாரித்துக்கொண்டிருந்த நாட்களில், பெரிய ஸ்டூடியோக்களின் கதவுகள் அவருக்குப் பாதி மூடின. கிடைத்த வேலைகளுள் ஒன்று ‘ரோபோ மான்ஸ்டர்’ (1953). கொரில்லா உடைக்கு மேல் நீர்மூழ்கு வீரரின் தலைக்கவசத்தை மாட்டிவிட்டு, அதை வேற்றுக்கிரகவாசி என்று காட்டிய மலிவுப் படம் அது. அதற்கும் அவர் முழு அக்கறையோடு, மெய்யாகவே உலகம் அழியப் போவதைப் போல இசை எழுதிக் கொடுத்தார். படத்துக்கும் இசைக்கும் இடையே இருந்த அந்த இடைவெளியைப் பார்த்து இன்றும் மக்கள் சிரிக்கிறார்கள். அன்று யாரும் திட்டமிடாத அந்தச் சிரிப்புதான், கால் நூற்றாண்டு கழித்துத் திட்டமிட்ட உத்தியாக அவரிடமே திரும்பி வந்தது.

இரண்டாம் படி: இசை யார் பக்கம் நிற்கிறது என்று முடிவு செய்யுங்கள்

1978-இல் ‘அனிமல் ஹவுஸ்’ என்ற கல்லூரிக் கூத்துப் படத்தை இயக்கிய ஜான் லேண்டிஸ், சிறுவயது முதலே பெர்ன்ஸ்டீன் குடும்பத்துக்குத் தெரிந்தவர். அந்த உரிமையில் அவர் இசையமைக்கக் கேட்டபோது, இந்தப் படத்தில் தனக்கு என்ன வேலை என்று பெர்ன்ஸ்டீனுக்கே முதலில் விளங்கவில்லை. இது ஒரு கனமான நாடகம் என்று எண்ணிக்கொண்டு இசையமைக்க வேண்டும் என்பதுதான் லேண்டிஸ் வைத்த ஒரே வேண்டுகோள். படம் எப்படித் தொடங்குகிறது என்று பாருங்கள். ஃபேபர் கல்லூரியின் நிறுவனர் சிலைக்குக் கீழே ‘அறிவு நல்லது’ என்ற அசட்டுப் பொன்மொழி பொறித்திருக்கிறது. அதற்கு மேல் ஒலிப்பதோ, பிராம்ஸின் ‘அகாடமிக் ஃபெஸ்டிவல் ஓவர்ச்சர்’ என்ற, பல்கலைக்கழகம் ஒன்று தந்த பட்டத்துக்கு நன்றியாக எழுதப்பட்ட இசையைத் தழுவிய, மிக மரியாதையான கல்லூரி கீதம். அந்தப் பொன்மொழியை இசை முழுமையாக நம்புகிறது; அப்படி நம்புவதால்தான் நாம் சிரிக்கிறோம்.

ஒரு காட்சிக்கு முன் அமர்ந்ததும் நீங்கள் கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி இதுதான்: இந்த இசை பார்வையாளரோடு சேர்ந்து பாத்திரத்தைப் பார்த்துச் சிரிக்கிறதா, அல்லது பாத்திரத்தோடு சேர்ந்து அதன் நிலைமையை நம்புகிறதா? நகைச்சுவைப் பாத்திரத்துக்குத் தான் வேடிக்கையானவன் என்று தெரியாது. அவனுக்குப் பசி உண்மை, அவமானம் உண்மை, காதல் உண்மை. இசை அவன் பக்கம் நின்றால் அவன் சொல்வதும் செய்வதும் தாமாகவே வேடிக்கையாகும். இசை பார்வையாளர் பக்கம் போய் நின்று கண்ணடித்தால், நகைச்சுவையைச் சொல்லிவிட்டு ‘புரிந்ததா?’ என்று முழங்கையால் இடிக்கும் நண்பரைப் போல ஆகிவிடும். நம் தொலைக்காட்சிகளில் ஒவ்வொரு துணுக்குக்கும் பின்னால் ‘டொய்ங்’ என்று ஓர் ஒலியை ஒட்டும் வழக்கம் இந்த இரண்டாம் வகையைச் சேர்ந்தது. அதைக் கேட்டே வளர்ந்த காதுகளுக்கு முதல் வகையைப் பழக்குவதற்குச் சிறிது காலம் ஆகும், எனக்கும் ஆனது.

இதன் உச்சத்தைக் காண ‘ஏர்ப்ளேன்!’ (1980) படத்தைப் பார்க்க வேண்டும். ஜிம் ஆப்ரகாம்ஸ், டேவிட் சக்கர், ஜெர்ரி சக்கர் ஆகிய மூவர் இயக்கிய இப்படம், ‘ஜீரோ ஹவர்!’ (1957) என்ற சீரியஸான விமான விபத்துப் படத்தின் கதையையும் பல வசனங்களையும் உரிமை வாங்கி அப்படியே எடுத்துக்கொண்டது. நடிப்பதற்கும் நகைச்சுவை நடிகர்களைத் தேடாமல், லெஸ்லி நீல்சன், ராபர்ட் ஸ்டாக், லாயிட் பிரிட்ஜஸ், பீட்டர் கிரேவ்ஸ் என்று முறைத்த முகத்தோடு வசனம் பேசிப் பழகியவர்களையே தேர்ந்தெடுத்தார்கள். இசைக்கும் அதே விதியைப் பொருத்தி, ஒரு மலிவான விபத்துப் படத்துக்கு உரிய, மிகையான, ஆனால் நேர்மையான இசையைப் பெர்ன்ஸ்டீனிடம் கேட்டார்கள். மேகத்துக்கு மேலே விமானத்தின் வால் மட்டும் சுறாவின் துடுப்பைப் போல நீந்திச் செல்லும் தொடக்கக் காட்சியில் அச்சுறுத்தும் தாழ்ந்த சுரங்கள் ஒலிக்கின்றன. பின்னர் வரும் காதல் மெட்டோ நரம்பிசையில் தளும்பி வழிகிறது. ‘ரோபோ மான்ஸ்டர்’ நாட்களில் வயிற்றுப்பாட்டுக்காகச் செய்ததை இங்கே அவர் தெரிந்தே செய்தார்.

மூன்றாம் படி: எங்கே இசை வேண்டாம் என்று குறியுங்கள்

படத்தொகுப்பு ஓரளவு முடிந்த பின் இயக்குநரும் தொகுப்பாளரும் இசையமைப்பாளரும் சேர்ந்து படத்தைப் பார்த்து, இசை எங்கே தொடங்கி எங்கே முடிய வேண்டும் என்று குறிக்கும் அமர்வுக்கு ஹாலிவுட்டில் ஸ்பாட்டிங் என்று பெயர். கோடம்பாக்கத்தில் ஆர்.ஆர். எனப்படும் ரீ-ரெக்கார்டிங்குக்கு முன் நடக்கும் உட்காரலும் இதுவே. நகைச்சுவைப் படத்தில் இந்த அமர்வின் பெரும்பகுதி, இசை வேண்டாத இடங்களைப் பற்றிய பேச்சாகவே இருக்க வேண்டும்.

நகைச்சுவை வசனம் பெரும்பாலும் எதிர்பார்ப்பை வளர்க்கும் ஒரு தயாரிப்பும் சிரிப்பை வரவழைக்கும் ஒரு வெடிப்புமாக அமைகிறது. தயாரிப்பின் போது கேட்பவர் ஒவ்வொரு சொல்லையும் பிடிக்க வேண்டும். சொல்லின் தெளிவைத் தாங்கும் மெய்யெழுத்தொலிகள் ஏறத்தாழ 2,000 முதல் 4,000 ஹெர்ட்ஸ் வரையிலான பகுதியில் அடர்ந்திருப்பதால், அங்கே கிணுகிணுக்கும் மணிகளும் கூர்மையான பித்தளைக் கருவிகளும் நுழைந்தால் முதலில் சாவது நகைச்சுவைதான். வெடிப்புக்குச் சற்று முன்னர் இசையை முற்றாக நிறுத்திவிடுவது பழைய, ஆனால் இன்றும் பலிக்கிற உத்தி. திடீரென்று தரை இல்லாமல் போன உணர்வில் பார்வையாளர் அந்த ஒற்றை வரியை உற்றுக் கேட்பார். வெடிப்புக்குப் பின்னரும் உடனே ஓடிவர வேண்டாம். அரங்கம் சிரிக்கட்டும். சிரிப்புக்கு அடியில் நீங்கள் எழுதிய நுட்பமான ஓபோ குழலிசை யாருக்கும் கேட்கப் போவதில்லை.

ஆரம்ப நாட்களில் நான் இசையமைத்த ஒரு குறும்படத்தில், வழுக்கி விழும் ஒருவருக்கு விழும் ஒவ்வொரு தடவையும் ஓர் இறங்குவரிசை பாசூன் எழுதினேன். முதல் திரையிடலில் ஒருவரும் சிரிக்கவில்லை. தொகுப்பாளர் என்னிடம் சொல்லாமலே அந்தத் தடத்தை அணைத்துவிட்டு இரண்டாம் முறை ஓட்டியபோது சிரித்தார்கள். அவரிடம் ஒரு வாரம் பேசாமல் இருந்தேன் என்பதையும் ஒப்புக்கொள்கிறேன்.

திரையில் நடக்கும் ஒவ்வோர் அசைவையும் இசை பின்பற்றுவதற்கு மிக்கி மவுசின் பெயரையே வைத்து மிக்கி-மவுசிங் என்கிறார்கள். வார்னர் நிறுவனத்தின் கார்ட்டூன்களில் கார்ல் ஸ்டாலிங்கும், ‘டாம் அண்ட் ஜெர்ரி’யில் ஸ்காட் பிராட்லியும் அதைப் பெரும் கலையாக்கினார்கள். கார்ட்டூனில் உடலுக்கு எடையோ வலியோ இல்லை. இசைதான் இரண்டையும் தருகிறது. நிஜ மனிதர் நடிக்கும் படத்தில் அவை ஏற்கெனவே இருக்கின்றன.

நான்காம் படி: கணக்குப் போடுங்கள்

இது சிறிய படி என்றாலும் தவிர்க்க முடியாதது. திரைப்படம் நொடிக்கு 24 ஃபிரேம், அதாவது நிமிடத்துக்கு 1,440 ஃபிரேம் என்ற வேகத்தில் ஓடுகிறது. 12 ஃபிரேமுக்கு ஒரு தாளத் தட்டு என்றால் நிமிடத்துக்கு 120 தட்டு ஆகும். 24 ஃபிரேமுக்கு ஒன்று என்றால் 60.

இசை தொடங்கிய 7.5 நொடியில் ஒரு கதவு முகத்தில் அறைகிறது என்று வைத்துக்கொள்வோம். 120 வேகத்தில் அந்த நொடி பதினாறாவது தட்டில், நான்கு தட்டுக்கு ஒரு பார் என்ற கணக்கில் நான்காம் பாரின் கடைசித் தட்டில் விழும். வேகத்தை 128 ஆக்கினால் அதே நொடி ஐந்தாம் பாரின் முதல் தட்டில் வந்து அமரும். இரண்டில் எது சரி என்பதற்குப் பொது விதி கிடையாது. முதல் தட்டில் விழுந்தால் கதவு எதிர்பார்த்தபடி அறைகிறது, கடைசித் தட்டில் விழுந்தால் எதிர்பாராமல் அறைகிறது. எதிர்பாராத அடிதான் நகைச்சுவைக்குப் பெரும்பாலும் ஒத்துவரும் என்பது என் அனுபவம். அதைவிடவும் நல்லது, கதவு அறைவதை விட்டுவிட்டு, அறை வாங்கியவரைப் பார்த்துக்கொண்டிருக்கும் மனைவியின் முகத்துக்கு வெட்டும் அந்தக் கணத்தில், ஓரிரு ஃபிரேம் பிந்தி, ஒரே ஒரு சுரத்தை வைப்பது.

ஐந்தாம் படி: கருவிகளை உலகத்துக்காகத் தேர்ந்தெடுங்கள்

‘கோஸ்ட்பஸ்டர்ஸ்’ (1984) படத்தின் இசையை, தான் எழுதியவற்றிலேயே மிகக் கடினமானது என்று பெர்ன்ஸ்டீன் மறு ஆண்டில் ஒரு பேட்டியில் சொல்லியிருக்கிறார். ஒரே காட்சிக்குள் பேயும் உண்மையாக அச்சுறுத்த வேண்டும், கூலிக்குப் பேய்களைப் பிடித்துத் தருபவர்களும் சிரிப்பூட்ட வேண்டும் என்பதுதான் அதற்குக் காரணம். இந்தச் சிக்கலை அவர் கருவிகளைப் பிரித்துத் தீர்த்தார். 72 பேர் கொண்ட இசைக்குழுவோடு மூன்று யமஹா டிஎக்ஸ்-7 சிந்தசைசர்களும் இருந்தன. கூடவே, 1928-இல் பிரான்சில் மோரிஸ் மார்த்தெனோ அறிமுகப்படுத்திய ‘ஓந்த் மார்த்தெனோ’ என்ற மின்னணுக் கருவியையும் வைத்துக்கொண்டார். ஒரு நேரத்தில் ஒரே சுரத்தைத்தான் அது ஒலிக்கும். ஆனால் மனிதக் குரலைப் போலச் சுரத்திலிருந்து சுரத்துக்கு வழுக்கிச் செல்லும். அதை வாசிக்கத் தெரிந்தவர் அரிது என்பதால் இங்கிலாந்திலிருந்து ஒரு கலைஞரை வரவழைக்க வேண்டியிருந்தது. நூலகத்தின் அடித்தளத்தில் அட்டைகள் தாமாகப் பறக்கும் தொடக்கக் காட்சியில் கேட்கும் விசித்திர ஒலி அதுதான். அந்த ஒலி பேய்களின் உலகத்துக்குச் சொந்தம். பேய்களைப் பிடிப்பவர்களுக்கோ, துள்ளி நடக்கும் எளிய மெட்டு ஒன்றை வைத்தார். இரண்டில் எதுவும் கோமாளிக் கருவி அன்று.

‘டிரேடிங் பிளேசஸ்’ (1983) படத்தில் இன்னும் சிக்கனமான தீர்வைக் காணலாம். பணக்காரத் தரகனும் தெருவோர ஏழையும் இடம் மாறும் அக்கதைக்கு, வேலைக்காரன் ஒருவன் பிரபுவை முறியடிக்கும் ‘ஃபிகாரோவின் திருமணம்’ என்ற மொசார்ட்டின் ஓபெராவிலிருந்து இசையை எடுத்தாண்டார். ஓபெராவைத் தெரிந்தவருக்கு அது ஓர் உட்குறிப்பு; தெரியாதவருக்குப் பிலடெல்பியா நகரத்துச் செல்வந்தரின் மிடுக்கு. தழுவல் இசைக்கான ஆஸ்கர் பரிந்துரையும் அவருக்கு அதனால் கிடைத்தது. உங்கள் படத்தின் உலகத்துக்குள் மெய்யாக எந்த இசை கேட்கும் என்று முதலில் தேடுங்கள். நகைச்சுவைக்குத் தேவையான இசை பாதி நேரம் அங்கேயே கிடக்கும்.

ஆறாம் படி: வெட்டுக்கும் மாற்றத்துக்கும் தயாராக இருங்கள்

தொகுப்பாளர் தற்காலிகமாக வேறு படத்தின் இசையை ஒட்டிக் காட்டும் டெம்ப் டிராக், எல்லாப் படங்களிலும் தொல்லைதான். நகைச்சுவையில் அது இரட்டைத் தொல்லை. அந்த இசையோடு சேர்த்து ஒருமுறை அரங்கம் சிரித்துவிட்டால், சிரிப்புக்குக் காரணம் அந்த இசைதான் என்று இயக்குநர் நம்பத் தொடங்கிவிடுவார். அப்போது மெட்டைப் பற்றி வாதாட வேண்டாம். அதில் அவருக்குப் பிடித்தது வேகமா, கருவியா, நிறுத்தும் இடமா என்று பிரித்துக் கேளுங்கள். பெரும்பாலும் நிறுத்தும் இடமாகவே இருக்கும்.

அமெரிக்க ஸ்டூடியோக்கள் நகைச்சுவைப் படங்களை வெளியீட்டுக்கு முன் பொதுமக்களுக்குப் போட்டுக் காட்டி, சிரிப்பு விழாத இடங்களைச் சுருக்குவதும், நீண்ட சிரிப்பு அடுத்த வசனத்தை விழுங்கும் இடங்களில் சில ஃபிரேம்களைக் கூட்டுவதும் வழக்கம். ஒவ்வொரு திருத்தத்துக்கும் உங்கள் கணக்கு கலையும். எனவே ஒரே நீண்ட இசையாக எழுதாமல், எங்கே வெட்டினாலும் தாங்கக்கூடிய வகையில் சிறு மூச்சுவிடும் இடங்களோடு எழுதப் பழகுங்கள். உழைத்து எழுதிய பகுதி முழுவதுமாகப் போய், அந்த இடத்தில் ஒரு பாடல் அமர்வதும் உண்டு. ‘கோஸ்ட்பஸ்டர்ஸ்’ படத்திலேயே பெர்ன்ஸ்டீன் எழுதிய சில பகுதிகள் பாடல்களுக்கு வழிவிட்டன. உலகமும் அந்தப் படத்தை ரே பார்க்கர் ஜூனியரின் பாடலை வைத்துத்தான் நினைவில் வைத்திருக்கிறது.

ஏழாம் படி: தாளில் எழுதியிருப்பதைப் படியுங்கள்

ஹாலிவுட்டில் பின்னணி இசை பெரும்பாலும் கூலிக்குச் செய்த படைப்பாகவே ஒப்பந்தமாகிறது. அதாவது பதிப்புரிமை ஸ்டூடியோவுக்குப் போய்விடுகிறது. இதை எதிர்த்து இசையமைப்பாளர்கள் 1970-களில் ஸ்டூடியோக்கள் மீது வழக்குத் தொடுத்தபோது, வழக்கின் தலைப்பிலேயே பெர்ன்ஸ்டீன் பெயர்தான் இருந்தது. உரிமை போனாலும், தொலைக்காட்சி ஒளிபரப்பு முதலியவற்றுக்கான நிகழ்த்துரிமைத் தொகையில் இசையை எழுதியவருக்கு உரிய பங்கு ஆஸ்காப், பிஎம்ஐ போன்ற அமைப்புகள் வழியாக இசையமைப்பாளருக்கு வருகிறது. அமெரிக்கத் திரையரங்குகள் மட்டும் 1948-ஆம் ஆண்டுத் தீர்ப்பு ஒன்றுக்குப் பின் இத்தொகையைச் செலுத்துவதில்லை. எந்த இசை, யார் எழுதியது, எத்தனை நொடி என்று பதியும் கியூ ஷீட் தவறாகவோ காலியாகவோ இருந்தால் இந்தப் பணமும் வராது. ஆகவே அதைத் தயாரிப்பு அலுவலகத்தின் பொறுப்பில் விட்டுவிடாமல் நீங்களே சரிபாருங்கள். இந்தியாவில் வேலை செய்பவருக்கு, 2012-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத் திருத்தம் திரையரங்கு அல்லாத பிற பயன்பாடுகளுக்கான ராயல்டியை எழுதிக் கொடுத்துவிட முடியாத உரிமையாக்கியிருக்கிறது. அதை வசூலிக்க ஐபிஆர்எஸ் அமைப்பில் உறுப்பினராக வேண்டும்.

ஒப்பந்தத்தில் இன்னொன்றையும் தேடுங்கள். இசைப்பதிவு முடிந்த பின் படம் மீண்டும் வெட்டப்பட்டால், மறுபதிவுச் செலவை யார் ஏற்பது என்பது எழுதப்பட்டிருக்க வேண்டும். மொத்தத் தொகைக்கு ஒப்புக்கொண்டு, இசைக் கலைஞர்களின் சம்பளத்தையும் அதிலிருந்தே கொடுக்கும் புதியவர்கள், இந்த ஒரு வரி இல்லாததால் கைப்பணத்தை இழக்கிறார்கள்.

எட்டாம் படி: பெட்டிக்குள் அடைபடாதீர்கள்

‘அனிமல் ஹவுஸ்’ படத்துக்குப் பின் ‘மீட்பால்ஸ்’ (1979), ‘ஸ்ட்ரைப்ஸ்’ (1981), ‘ஸ்பைஸ் லைக் அஸ்’ (1985) என்று நகைச்சுவைகளே தொடர்ந்து வந்தன. ‘த்ரீ அமிகோஸ்’ (1986) படத்தில், தானே கால் நூற்றாண்டுக்கு முன் உருவாக்கிய ‘மேக்னிஃபிசென்ட் செவன்’ பாணிக் கௌபாய் இசையைத் தானே நையாண்டி செய்ய வேண்டிய நிலைக்கும் வந்தார். சீரியஸ் இசையைத் தெரிந்தவர் என்பதால் நகைச்சுவைக்கு அழைக்கப்பட்ட மனிதரை, இப்போது நகைச்சுவைக்காரர் என்று மட்டுமே ஊர் அறிந்தது. அதிலிருந்து விடுபட அவர் வேண்டுமென்றே பணம் குறைந்த, சிறிய படங்களின் பக்கம் திரும்பினார். ‘மை லெஃப்ட் ஃபுட்’ (1989), ‘தி கிரிஃப்டர்ஸ்’ (1990) என்று தொடங்கிய அந்தப் பாதை, பின்னர் மார்ட்டின் ஸ்கோர்செசியின் ‘தி ஏஜ் ஆஃப் இன்னொசன்ஸ்’ (1993) வரை நீண்டது. ‘ஃபார் ஃப்ரம் ஹெவன்’ (2002) படத்துக்காகக் கடைசி ஆஸ்கர் பரிந்துரை வந்தபோது அவருக்கு வயது எண்பது. பதினான்கு பரிந்துரைகளில் அவர் வென்ற ஒரே ஆஸ்கர், ‘தரோலி மாடர்ன் மில்லி’ (1967) என்ற இசை நகைச்சுவைக்குக் கிடைத்தது என்பதையும் இந்த இடத்தில் குறும்பாக நினைவூட்டலாம்.

இந்த வாரமே தொடங்க விரும்புகிறவருக்கு ஒரு பயிற்சி சொல்கிறேன். அமெரிக்காவில் பதிப்புரிமைக் காலம் முடிந்துவிட்ட பஸ்டர் கீட்டனின் ஊமைப்படங்களிலிருந்து இரண்டு நிமிடக் காட்சி ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். அதற்கு ஒருமுறை அசைவுக்கு அசைவு பின்பற்றும் இசையும், ஒருமுறை முழுக்கச் சோக இசையும், ஒருமுறை நடுவில் முப்பது நொடி மட்டும் ஒலிக்கும் இசையும் எழுதி, எது எது என்று சொல்லாமல் ஐந்து பேருக்குப் போட்டுக் காட்டுங்கள். திரையைப் பார்க்காமல் அவர்கள் முகத்தைப் பார்த்துக் குறிப்பெடுங்கள். வாய்ப்புக் கேட்டு இயக்குநருக்கு அனுப்பும் மாதிரித் தொகுப்பில் ஒரு நகைச்சுவைக் காட்சியும் ஒரு துயரக் காட்சியும் கட்டாயம் இருக்கட்டும். இரண்டிலும் வசனத்தை நீக்காமல், இசையை வசனத்துக்கு அடியிலேயே வைத்து அனுப்புங்கள்.